நன்னீர்ப் புழுக்கள்: எது என்ன என்று கண்டுபிடிப்பது எப்படி? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மீன் தொட்டிக் கண்ணாடியில் ஊர்வது, மாடித் தொட்டியிலிருந்து குழாய் வழியே வாளியில் விழுவது, கிணற்றிலும் குளத்துச் சேற்றிலும் நெளிவது எல்லாவற்றுக்கும் நாம் வைத்திருக்கும் ஒரே பெயர் புழு. அந்தப் பெயருக்குள் ஒன்றுக்கொன்று நெருங்கிய உறவில்லாத பல விலங்குக் கூட்டங்கள் இருக்கின்றன. சில புழுவே இல்லை, பூச்சிகளின் இளம்பருவம். எந்தக் கூட்டம் என்று தெரியாமல் போடும் மருந்து பெரும்பாலும் வீண். சில நேரம் நத்தைகளைக் கொன்றுவிட்டுப் புழுவை விட்டுவைக்கும்.

புழுவைப் பார்த்ததும் முதலில் என்ன செய்ய வேண்டும்?

உயிரோடு பிடியுங்கள். உப்பு, ப்ளீச்சிங் பவுடர், மருந்து எதுவும் அதுவரை வேண்டாம். செத்த புழு சுருங்கிவிடும், நிறம் மாறிவிடும், முக்கியமாக அசையாது. அடையாளத்தில் பாதிக்கு மேல் அசைவில்தான் இருக்கிறது.

ஒரு சொட்டுக்குழாயால் (மருந்துக்கடையில் கிடைக்கும் ஃபில்லர் போதும்) புழுவை அது இருந்த தண்ணீரோடு உறிஞ்சி, வெள்ளைப் பீங்கான் தட்டிலோ மூடியிலோ அரை சென்டிமீட்டர் ஆழத்துக்கு விடுங்கள். குழாய்த் தண்ணீரில் விட்டால் குளோரினில் துவண்டு, இயல்பான அசைவு தெரியாமல் போகும். தட்டுக்கு அடியில் வெள்ளையும் கறுப்புமாக இரண்டு காகிதங்களை மாற்றி மாற்றி வைத்துப் பாருங்கள். வெளிறிய புழுக்கள் கறுப்பில்தான் தெரியும். 10 மடங்கு பெரிதாக்கும் கைலென்ஸ் ஒன்று, டார்ச், 1 மி.மீ. கட்டமுள்ள வரைபடத்தாள். இவ்வளவுதான் தேவை. ஐந்து நிமிடம் தொடாமல் பாருங்கள், பிறகு பல்குத்தும் குச்சியின் நுனியால் முன்புறமும் பின்புறமும் லேசாகத் தொட்டுப் பாருங்கள்.

நிறத்தை வைத்தே சொல்லிவிட முடியாதா?

முடியாது. எல்லாரும் சறுக்குவது இந்த இடத்தில்தான். சிவப்புப் புழு என்றால் அது மீன் இரையாக விற்கும் டியூபிஃபெக்ஸ் எனும் வளையப்புழுவாக இருக்கலாம், ப்ளட்வார்ம் எனப்படும் பூச்சி இளம்பருவமாக இருக்கலாம், மீனின் குடலிலிருந்து வந்த உருளைப்புழுவாகவும் இருக்கலாம். முதல் இரண்டின் சிவப்புக்கும் காரணம், ஆக்சிஜன் குறைந்த சேற்றில் வாழ உதவும் ஹீமோகுளோபின் வகை நிறமி. வெவ்வேறு பரம்பரையில் வந்த உயிர்கள் ஒரே சிக்கலுக்கு ஒரே தீர்வைக் கண்டிருக்கின்றன, அவ்வளவே. பிளனேரியா எனும் தட்டைப்புழுவின் நிறமும் நம்பத்தக்கதல்ல. உடல் ஒளி ஊடுருவும் என்பதால் தின்ற உணவின் நிறம் குடல் வழியே தெரியும்.

அப்படியானால் அசைவை வைத்து எப்படிப் பிரிப்பது?

புழுவின் உடலுக்குள் தசை எப்படி அமைந்திருக்கிறதோ அப்படித்தான் அது நகர முடியும். அதனால் அசைவு பொய் சொல்லாது.

நெளியாமல், வளையாமல் கண்ணாடியில் வழுக்கிக்கொண்டே போனால் அது தட்டைப்புழு. வயிற்றுப்புறம் முழுக்க உள்ள நுண்ணிழைகள் அதைத் தள்ளிச் செல்கின்றன.

உடலை நீட்டி மெலிந்து, சுருக்கித் தடித்து நகர்ந்தால் மண்புழுவின் கூட்டம், அதாவது வளையப்புழு. அதற்கு வட்டத்தசையும் நீள்தசையும் உண்டு. பக்கவாட்டில் நெளியவும் செய்யும்.

நீளவோ சுருங்கவோ முடியாமல், தடிமன் மாறாமல், ஆங்கில எஸ் எழுத்து வடிவில் முன்னும் பின்னும் விடாமல் துடித்தால் உருளைப்புழு. அதற்கு நீள்தசை மட்டுமே உண்டு. சிறிய வெள்ளை நூலாகத் தெரியும் இரண்டு கூட்டங்களைப் பிரிக்க இதைவிட எளிய வழி இல்லை.

ஒரு முனையை ஊன்றி, மறுமுனையை முன்னே வைத்து, நடுவுடலைத் தூக்கிச் சாண் போட்டு நடந்தால் அட்டை. நீரில் நீந்தும்போது அது மேலும் கீழுமாக அலையும்.

உடலை மடக்கி மடக்கி விரித்து, எண் எட்டு போட்டபடி நீரில் துள்ளினால் ப்ளட்வார்ம். ஊசி மாதிரி மெலிந்து விறைப்பாக, பாம்பு நெளிவில் மிக வேகமாக நீந்தினால் கடிக்கும் சிறுகொசுக்களின் இளம்பருவம். இரண்டுக்கும் கடினமான, தனியாகத் தெரியும் தலை உண்டு. உண்மையான புழு எதற்கும் அப்படித் தலை கிடையாது.

தொட்டிக் கண்ணாடியில் வழுக்கிச் செல்லும் வெள்ளைப் புழு பிளனேரியாதானா?

தலையைப் பாருங்கள். முக்கோணத் தலை, அதில் அருகருகே இரண்டு கண்புள்ளிகள், தட்டையான உடல், 3 முதல் 20 மி.மீ. நீளம்: இவை சேர்ந்திருந்தால் பிளனேரியா. கைலென்ஸில் பார்த்தால் கண்புள்ளிகள் உள்நோக்கிப் பார்ப்பதுபோல் தெரியும். வாய் தலையில் இல்லை. உடலின் நடுவில் வயிற்றுப்புறம் இருக்கிறது. உணவு கிடைத்தால் அங்கிருந்து ஒரு வெள்ளைக் குழல் வெளியே நீளும்.

தலை மழுங்கி, உடல் 1 முதல் 3 மி.மீ.க்குள் வெள்ளைப் புள்ளிகளாகக் கண்ணாடியில் நகர்ந்தால் அவை ராப்டோசீல் எனும் வேறொரு தட்டைப்புழுக் கூட்டம். மீனுக்கும் இறாலுக்கும் தீங்கில்லை. இரை மிஞ்சுவதைக் குறைத்தால் தாமாகக் குறையும். பிளனேரியா என்று நினைத்து இவற்றுக்கு மருந்து ஊற்றுவோர்தான் அதிகம்.

குட்டிப் பிளனேரியாவுக்குத் தலை முக்கோணம் இன்னும் எடுப்பாகத் தெரியாது. சந்தேகம் வந்தால் விளக்கணைத்த இரண்டு மணி நேரம் கழித்து டார்ச் அடித்துப் பாருங்கள். பெரியவை அப்போது வெளியே வரும்.

பிளனேரியாவை நசுக்கினால் பெருகும் என்பது உண்மையா? எப்படி ஒழிப்பது?

உண்மைதான். துண்டுபட்ட ஒவ்வொரு பகுதியும் முழுப் புழுவாக வளரக்கூடியது. கண்ணாடியிலேயே கத்தியால் சுரண்டி நீரில் விடாதீர்கள்.

மீன் மட்டும் உள்ள தொட்டியில் பிளனேரியா பெரிய ஆபத்தில்லை. இறால் குஞ்சும் மீன் முட்டையும் இருந்தால் ஆபத்து. முதலில் பொறி வைக்கலாம். மூடியுள்ள சிறு பிளாஸ்டிக் குப்பியில் 2 மி.மீ. துளைகள் போட்டு, உள்ளே பச்சைக் கோழி இறைச்சியோ இறாலோ ஒரு சிறு துண்டு வைத்து, விளக்கை அணைத்ததும் தரையில் கிடத்துங்கள். இரண்டு மூன்று மணி நேரத்தில் வெளியே எடுத்துவிட வேண்டும். விடியும்வரை விட்டால் தின்றவை வெளியேறிவிடும், இறைச்சியும் தண்ணீரைக் கெடுக்கும்.

எண்ணிக்கை அதிகமென்றால் ஃபென்பெண்டசோல் எனும் குடற்புழு மருந்து. இறால் வளர்ப்போர் பரவலாகப் பயன்படுத்தும் அளவு லிட்டருக்கு சுமார் 0.6 மி.கி. அதாவது 150 மி.கி. மாத்திரை ஒன்று 250 லிட்டருக்குப் போதும். 50 லிட்டர் தொட்டிக்கு ஐந்தில் ஒரு பங்கு. இது நீரில் எளிதில் கரையாது. நன்றாகப் பொடித்து, மூடிய புட்டியில் தொட்டித் தண்ணீரோடு குலுக்கி, ஃபில்டர் வெளியேற்றும் வேகமான நீரோட்டத்தில் ஊற்றுங்கள். கரித்தூள் ஃபில்டர் இருந்தால் எடுத்துவிடுங்கள். இரண்டு மூன்று நாளில் செத்தவற்றை சைபனால் உறிஞ்சி, மூன்றில் ஒரு பங்கு தண்ணீரை மாற்றுங்கள். இலைகளிலும் கற்களிலும் ஒட்டியிருக்கும் பழுப்பு உருண்டைகள் அதன் முட்டைக்கூடுகள். அதற்குள் மருந்து எட்டாது. ஆகவே 10 முதல் 14 நாள் கழித்து இன்னொரு முறை. ஒரே தடவையோடு நிறுத்துவதால்தான் "மருந்து வேலை செய்யவில்லை" என்ற புகார் வருகிறது.

நத்தைகளை முன்கூட்டியே வேறு தொட்டிக்கு மாற்றுங்கள். நெரைட் நத்தையும் ஆப்பிள் நத்தையும் இதைத் தாங்குவதில்லை. மருந்து மணலில் தங்கும் என்பதால் சில வாரங்களுக்கு அவற்றைத் திரும்ப விட வேண்டாம். பாக்குச் சாற்றில் தயாரித்த பிளனேரியா மருந்துகளும் விற்கிறார்கள். பாக்கிலுள்ள அரிகோலின் புழுவின் தசையை முடக்குகிறது. அதற்காக வீட்டுக் கொட்டைப்பாக்கைக் கொதிக்க வைத்து ஊற்றுவது சரியில்லை. ஒவ்வொரு பாக்கிலும் அரிகோலின் அளவு வேறு, என்ன செறிவு போனது என்று தெரிந்துகொள்ள வழி கிடையாது.

தரையிலிருந்து மெல்லிய வெள்ளை நூல்கள் கிளம்பி நீரில் நெளிகின்றன. என்ன அவை?

பெரும்பாலும் நைடிட் எனும் சிறு வளையப்புழுக்கள். மீன் வளர்ப்போர் டெட்ரிடஸ் வார்ம் என்பார்கள். நீளம் சில மில்லிமீட்டர் முதல் 2 செ.மீ. வரை, தடிமன் தையல் நூலைவிடக் குறைவு. கிராவலுக்குள் அழுகும் இலையையும் மிச்ச இரையையும் தின்று வாழ்பவை. எல்லாப் பழைய தொட்டியிலும் இருக்கும், இருப்பது நல்லதும்கூட.

திடீரென நூற்றுக்கணக்கில் மேலே வந்தால் காரணத்தைத் தேட வேண்டும். இரை அதிகம் விழுந்து பெருகியிருக்கலாம். அல்லது தரையில் ஆக்சிஜன் தீர்ந்து மூச்சுக்கு மேலே ஏறியிருக்கலாம். கரண்ட் போய் ஏர் பம்ப் நின்ற இரவுக்கு மறுநாள் காலை இதைக் காணலாம். கிராவலை சைபனால் சுத்தம் செய்து, இரையை ஒரு வாரம் பாதியாக்குங்கள். மருந்து போட்டால் ஆயிரக்கணக்கில் செத்து அழுகி அம்மோனியாவை ஏற்றும். புழு செய்யாத கெடுதலை மருந்து செய்துவிடும்.

லென்ஸில் பார்க்க இவை சுவாரஸ்யமானவை. நடுவுடலில் ஒரு இடுக்குத் தெரிந்து, இரண்டு புழுக்கள் முன்னும் பின்னுமாகக் கோத்தாற்போல் இருந்தால் அது உடல் பிரிந்து இனம்பெருகும் நிலை. மூக்கிலிருந்து ஒரு நீண்ட இழை நீட்டியிருந்து கண்களும் இருந்தால் ஸ்டைலேரியா. இழை இருந்து கண் இல்லாவிட்டால் ப்ரிஸ்டினா. வால்முனையில் விரல்விரலாகச் செவுள் விரிந்திருந்தால் டீரோ. நத்தையின் உடலோடு ஒட்டி 2 மி.மீ. வெள்ளை நூல்கள் அசைந்தால் கீட்டோகேஸ்டர். அவை நத்தைமேல் வந்தமரும் நுண்ணுயிர்களைப் பிடித்துத் தின்பவை. உடம்பில் ஆரஞ்சு அல்லது பச்சை நிறச் சிறு எண்ணெய்ப் புள்ளிகள் தெளித்தாற்போல் தெரிந்தால் ஏலோசோமா.

சிவப்பாக இருப்பது டியூபிஃபெக்ஸா, ப்ளட்வார்மா?

ஒன்றை மட்டும் தட்டில் தனியே விடுங்கள். ஒரு முனையில் பழுப்பு நிறக் கடினத் தலை, அதற்குக் கீழே ஒரு ஜோடி பொய்க்கால் (குட்டையான சதைக்கால்), வால்முனையில் இன்னொரு ஜோடி என்றால் ப்ளட்வார்ம். இது கைரோனோமிட் எனும் கடிக்காத கொசுவின் இளம்பருவம். உடல் நீளம் அநேகமாக 1 முதல் 2 செ.மீ. நீட்டிச் சுருக்க முடியாது.

தலை எங்கே வால் எங்கே என்றே தெரியாமல் நூலாக நீண்டு, தொட்டதும் சுருண்டு, பத்து இருந்தால் பத்தும் ஒன்றோடொன்று பின்னி உருண்டையானால் டியூபிஃபெக்ஸ் கூட்டம். சேற்றில் தலையைப் புதைத்து, வாலை மட்டும் மேலே நீட்டி ஆட்டிக்கொண்டிருக்கும். காலடி அதிர்ந்தால் மொத்தமும் ஒரு நொடியில் உள்ளே போய்விடும். மூச்சு வாங்குவது வால் வழியாக.

டியூபிஃபெக்ஸ் என்று விற்பதெல்லாம் டியூபிஃபெக்ஸ்தானா?

ஒரு கைப்பிடி உருண்டையில் பல இனங்கள் கலந்திருப்பது வழக்கம். லிம்னோட்ரைலஸ் ஹாஃப்மைஸ்டெரி எனும் இனம் அதில் ஏராளமாக இருக்கும். வெறும் கண்ணுக்கு இரண்டும் ஒன்றேதான். பிரிக்க நுண்ணோக்கி வேண்டும்.

புழுவைச் சோடா நீரில் (கடையில் குடிக்க விற்கும் சோடா) சில நிமிடம் வைத்தால் துடிப்பு அடங்கி நீளும். கண்ணாடி வில்லையில் ஒரு சொட்டு கிளிசரின் விட்டு அதில் கிடத்தி மூடுவில்லை போட்டு, 100 மடங்கில் முன்பகுதியைப் பாருங்கள். ஒவ்வொரு கண்டத்திலும் (உடல் வளையத்திலும்) முதுகுப்புறமும் வயிற்றுப்புறமும் சீட்டாக்கள் எனும் நுண் முட்கள் கொத்துக் கொத்தாக நிற்கும். முதுகுக் கொத்தில் நீண்ட முடி சீட்டாக்கள் இருந்தால் டியூபிஃபெக்ஸ் பக்கம் போகலாம். முடியே இல்லாமல் நுனி இரண்டாகப் பிளந்த கொக்கிகள் மட்டும் இருந்தால் லிம்னோட்ரைலஸாக இருக்க வாய்ப்பு. கொக்கியின் நுனிப் பிளவைக் காண 400 மடங்கு வேண்டும். இனம் வரை உறுதி சொல்ல முதிர்ந்த புழு தேவை, ஏனென்றால் இனப்பெருக்க உறுப்பின் உறையைப் பார்த்துத்தான் முடிவெடுப்பார்கள். இளம் புழுவை வைத்து இனப்பெயர் சொன்னால் நம்ப வேண்டாம்.

உடலின் பின்பகுதியில் கண்டத்துக்கு ஒன்று மேலும் கீழுமாகச் செவுள் இழைகள் வரிசையாக அசைந்தால் அது பிராங்கியூரா சோவர்பியி. நன்னீர் வளையப்புழுக்களில் கைலென்ஸாலேயே இனம் வரை அடித்துச் சொல்லக்கூடிய அபூர்வமானது, 10 செ.மீ.க்கு மேலும் வளரும். ஆசியாவின் வெப்பப் பகுதியைச் சேர்ந்த இந்தப் புழுவுக்கு 1892-இல் பெயர் சூட்டப்பட்டது லண்டன் ரீஜன்ட்ஸ் பார்க்கில் ராட்சத அல்லி வளர்த்த வெந்நீர்த் தொட்டியில் கிடைத்ததை வைத்து. செடிகளோடு கப்பலேறிப் போயிருக்க வேண்டும்.

பிளாக்வார்ம் என்று வளர்க்கப்படும் லம்ப்ரிகுலஸ் இவற்றைவிடத் தடிமன். முன்பகுதி கரும்பச்சை அல்லது பழுப்பு. வாலைத் தொட்டால் திருகாணிச் சுழற்சியில் நீந்தி விலகும், தலையைத் தொட்டால் உடலைத் திருப்பிக்கொள்ளும். டியூபிஃபெக்ஸ் இரண்டையும் செய்யாது. பந்தாகத்தான் சுருளும்.

வாங்கிய டியூபிஃபெக்ஸை அப்படியே போடலாமா?

கூடாது. சென்னை கொளத்தூர் மாதிரியான அலங்கார மீன் சந்தைகளில் உயிருள்ள இரையாக இது சாதாரணமாகக் கிடைக்கும். ஆனால் இவ்வகைப் புழு செழிப்பது கழிவுநீர் ஓடும் கால்வாய்ச் சேற்றில். அகலமான தட்டில் 2 செ.மீ. தண்ணீரில் பரப்பி, குளிர்சாதனப் பெட்டியின் கீழ்த்தட்டில் வைத்து, நாளைக்கு மூன்று நான்கு முறை குளோரின் போன தண்ணீர் மாற்றி, இரண்டு மூன்று நாள் குடலைக் காலி செய்ய விடுங்கள். ஒவ்வொரு முறையும் உருண்டையைக் கலைத்தால் செத்தவை தனியே மிதந்து வரும். சாம்பல் நிறமும் நாற்றமும் வந்துவிட்டால் முழுவதையும் கொட்டிவிடுவது மேல். இத்தனை செய்தாலும் நோய்க்கிருமி முழுக்கப் போய்விடும் என்று சொல்ல முடியாது. ட்ரௌட் மீன்களைச் சுழன்று சாகவைக்கும் சுழல் நோயின் ஒட்டுண்ணி தன் வாழ்க்கைச் சுற்றில் ஒரு பகுதியை டியூபிஃபெக்ஸின் உடலுக்குள்தான் கழிக்கிறது. குஞ்சு மீன்களுக்கு உப்புநீரில் வாழும் ஆர்ட்டீமியா எனும் சிற்றிறாலே பாதுகாப்பு.

மாடித் தொட்டியிலிருந்து குழாயில் சிவப்புப் புழு வருகிறது. தண்ணீரைப் பயன்படுத்தலாமா?

மேலே சொன்ன தலையும் பொய்க்காலும் இருக்கிறதா என்று பார்த்து உறுதி செய்யுங்கள். வீட்டுத் தொட்டியில் வருவது அநேகமாக எப்போதும் ப்ளட்வார்ம்தான். அது கடிக்காது, மனிதக் குடலில் வாழாது, நோயும் பரப்பாது. ஆனால் தொட்டிக்குள் பூச்சி நுழையும் அளவு திறப்பு இருக்கிறது, அடியில் வண்டல் தேங்கியிருக்கிறது என்பதற்கு அது சாட்சி. குடிக்கும் தண்ணீரை வடிகட்டிக் கொதிக்க வைத்துக் குடியுங்கள்.

கைரோனோமிட் கொசு முட்டையிடுவது நீர்மட்டத்தின் ஓரத்தில். ஊறிய சப்ஜா விதை மாதிரி வழவழப்பான கூழுக்குள் முட்டைகள் வரிசையாக இருக்கும். நம் வெயிலில் முட்டையிலிருந்து கொசுவாக இரண்டு முதல் நான்கு வாரம் போதும். இளம்பருவம் தொட்டி அடியில் வண்டலைப் பின்னிக் குழாய் கட்டி அதற்குள் இருப்பதால், அன்றாடக் குடிநீரில் கலக்கும் குளோரின் அளவு அதை ஒன்றும் செய்யாது. ப்ளீச்சிங் பவுடரைக் கூட்டிக்கொண்டே போவோர் கண்டது இதைத்தான்.

செய்ய வேண்டிய வரிசை இது. தொட்டியைக் காலி செய்து, அடி வண்டலையும் சுவர்ப் பாசியையும் தேய்த்து வெளியேற்றுங்கள். பிறகு நிரப்பி, 1000 லிட்டருக்கு 33 சதவீத வீரியமுள்ள ப்ளீச்சிங் பவுடர் 150 கிராம் வீதம் வாளியில் கரைத்து, தெளிவை மட்டும் ஊற்றுங்கள். லிட்டருக்கு 50 மி.கி. குளோரின் ஆகும். 12 மணி நேரம் வைத்திருந்து, குழாய்களையும் திறந்து ஓடவிட்டு, முழுவதையும் வடித்துவிட்டு நல்ல தண்ணீர் பிடியுங்கள். அந்தத் தண்ணீரைக் குடிக்கவோ செடிக்கோ மீனுக்கோ பயன்படுத்தக் கூடாது. இதன்பின் காற்றுக்குழாய், நிரம்பி வழியும் குழாய் இரண்டுக்கும் கொசுவலையைவிட நெருக்கமான, 1 மி.மீ.க்கும் சிறிய கண்ணுள்ள வலை. மூடி உட்காரும் விளிம்பில் இடுக்கு இல்லாமல் ரப்பர் பட்டை. சம்ப் இருந்தால் அதற்கும் இவ்வளவும். மாடியை மட்டும் சுத்தம் செய்துவிட்டு சம்ப்பை மறப்பவர்களுக்கு மாதத்துக்குள் புழு திரும்பிவிடும்.

அட்டையை எப்படி உறுதி செய்வது? எல்லா அட்டையும் ரத்தம் குடிக்குமா?

இரு முனையிலும் உறிஞ்சி இருந்தால் அட்டை. பின் உறிஞ்சி பெரிதாக, தட்டாகத் தெரியும். எல்லாம் ரத்தம் குடிப்பதில்லை.

குளத்தில் மாட்டின் காலையும் மனிதக் காலையும் பிடிப்பது கால்நடை அட்டை. பீசிலோப்டெல்லா கிரானுலோசா என்பது பெயர், சில நூல்களில் ஹிருடினேரியா. பெரியது, பச்சைப் பழுப்பு முதுகு, தலையில் ஐந்து ஜோடிக் கண்கள், மூன்று தாடைகள். சித்த, ஆயுர்வேத அட்டைவிடலில் பயன்படுவதும் இந்தக் கூட்டம்தான்.

நீர்ச்செடிகளோடு மீன் தொட்டிக்கு வந்துசேரும் 3 முதல் 5 செ.மீ. சிவந்த பழுப்பு அட்டை பெரும்பாலும் பார்ப்ரோனியா. அது சிறு புழுக்களை முழுதாக விழுங்கும், மீனைக் கடிக்காது. இலை வடிவில் தட்டையாக, தொட்டால் உருண்டு, நீந்தத் தெரியாமல் நத்தையோடு ஒட்டியிருந்தால் குளோசிஃபோனிட் கூட்டம். வயிற்றடியில் குட்டிகளைச் சுமந்திருந்தால் சந்தேகமே வேண்டாம். மீன்மேல் ஒட்டும் அட்டை உருளை வடிவம், இரு உறிஞ்சியும் உடலைவிட அகலமாகத் தெரியும்.

உடலில் ஒட்டியதை எடுக்க உப்போ நெருப்போ வேண்டாம். வயிற்றிலுள்ளதை அது காயத்துக்குள் கக்கக்கூடும். மெல்லிய முனையை முதலில் நகத்தால் பக்கவாட்டில் நெம்பி விடுவித்து, பிறகு தடித்த முனையை. ரத்தம் உறையாமல் தடுக்கும் ஹிருடின் காயத்தில் தங்குவதால் சில மணி நேரம் கசியலாம். துணி வைத்து அழுத்திப் பிடியுங்கள். ஓடை, குளத்து நீரை வாய் வைத்துக் குடித்தவருக்குப் பின்னாளில் ஒரு மூக்குத்துவாரத்தில் மட்டும் ரத்தம் வந்துகொண்டிருந்தால் மூக்கட்டையாக இருக்கலாம். அதைக் காது மூக்கு தொண்டை மருத்துவர்தான் எடுக்க வேண்டும்.

குளியலறையில் அடி நீளத்துக்குத் தலைமுடி போல ஒரு புழு. ஆபத்தா?

குதிரைமயிர்ப் புழு. 10 முதல் 50 செ.மீ., சில நேரம் அதற்கு மேலும். கம்பி விறைப்பு, பழுப்பு முதல் கறுப்பு, தனக்குத்தானே முடிச்சிட்டுக்கொண்டு கிடக்கும். இளம்பருவத்தில் வெட்டுக்கிளி, சிள்வண்டு, கும்பிடுபூச்சி போன்றவற்றின் உடலுக்குள் வளர்ந்து, முதிர்ந்ததும் அந்தப் பூச்சி நீரில் விழும்போது வெளியே வருகிறது. அருகில் செத்த பூச்சி கிடக்கும், தேடிப் பாருங்கள். மனிதருக்கும் நாய்க்கும் மீனுக்கும் ஒட்டாது. கழிப்பறையில் கண்டு, வயிற்றிலிருந்து வந்ததென்று பூச்சி மாத்திரை விழுங்குவது வீண் பயம். இதே மாதிரி ஆனால் வெளிறி, இரு முனையும் கூர்ந்திருந்தால் மெர்மிதிட் எனும் உருளைப்புழு. அதுவும் பூச்சிகளின் ஒட்டுண்ணியே.

நரம்புச் சிலந்திப் புழு (கினிப் புழு) இப்போதும் நம் குளங்களில் உண்டா?

இல்லை. இந்தியாவின் கடைசி நோயாளி 1996 ஜூலையில் ராஜஸ்தானில் பதிவானார். 2000-இல் உலக சுகாதார நிறுவனம் நாட்டை நரம்புச் சிலந்தி இல்லாததாகச் சான்றளித்தது. அந்த நோய் இருந்த காலத்திலும், கண்ணுக்குத் தெரியும் புழுவைக் குடித்து யாருக்கும் வரவில்லை. சைக்ளாப்ஸ் எனும் நீர்த்தெள்ளுக்குள் இருந்த நுண் இளம்புழு வழியாகவே வந்தது. துணியில் வடிகட்டச் சொன்னது அந்தத் தெள்ளைத் தடுக்கத்தான்.

மீனின் உடம்பிலிருந்து புழு தொங்குகிறது.

எங்கிருந்து என்று பாருங்கள். ஆசனவாயிலிருந்து இரண்டு மூன்று சிவப்பு இழைகள், மீன் அசையாமல் நிற்கும்போது மட்டும் நீண்டு, நகர்ந்தால் உள்ளே போனால் கமலானஸ் எனும் உருளைப்புழு. கப்பி, மோலி வகைகளில் சாதாரணம். லெவாமிசோல் எனும் புழு மருந்தை லிட்டருக்கு 2 மி.கி. கலந்து, விளக்கணைத்து 24 மணி நேரம் வைக்க வேண்டும். அது புழுவை முடக்கும், உடனே கொல்லாது. அதனால் கீழே விழுந்தவற்றை மீன் மறுபடி தின்னுமுன் தரையை சைபனால் உறிஞ்சிவிடுங்கள், பாதித் தண்ணீரை மாற்றுங்கள். மூன்று வாரத்தில் மறுமுறை. சாப்பிடும் மீன்களுக்கு இந்த மருந்து கூடாது.

செதிலுக்கு நடுவே குச்சியாக நீட்டி, நுனியில் இரண்டு முட்டைப் பைகளோடு இருந்தால் நங்கூரப்புழு. பெயர்தான் புழு, உண்மையில் சைக்ளாப்ஸ் கூட்டத்து ஓட்டுயிரி, அதாவது இறால், நண்டுகளின் உறவு. கெண்டையிலும் தங்கமீனிலும் வரும். புழு மருந்துக்கு அசையாது.

வயல் சேற்றில் கிடைப்பது மண்புழுவா, நீர்ப்புழுவா?

வால்பகுதியை விரலில் உருட்டிப் பாருங்கள். உருளாமல் நான்கு மூலை தட்டுப்பட்டால் கிளிஃபிட்ரைலஸ், சேற்று நீரில் வாழும் மண்புழு. முதிர்ந்ததில் கிளைடெல்லம் (உடலைச் சுற்றிய தடித்த பட்டை) அருகே இரு பக்கமும் சிறகு மாதிரி மடிப்பும் இருக்கும். சாதாரண மண்புழு மழையில் அடித்து வந்து கிணற்றில் விழுந்திருக்கலாம், ஆனால் அங்கே அது குடும்பம் நடத்தாது.

புழு என்று ஏமாற்றுபவை வேறு என்ன?

ஒரே இடத்தில் ஒட்டி நின்று நுனியில் இழைகளை விரித்து, தொட்டால் புள்ளியாகச் சுருங்கினால் ஹைட்ரா. குளியலறைச் சாக்கடை வாயில் சாம்பல் நிறத்தில் கறுத்த பட்டைகளோடு 1 செ.மீ.க்குள் நெளிந்தால் வடிகால் ஈயின் இளம்பருவம். வாளித் தண்ணீரில் நீண்ட வாலோடு கொழுத்துக் கிடந்தால் மிதவை ஈயின் இளம்பருவம். அந்த வால் மூச்சுக்குழாய்.

புழுக்களை வைத்துத் தண்ணீரின் தரத்தைச் சொல்ல முடியுமா?

ஓரளவுக்கு. நீரில் வாழும் சிற்றுயிர்களை வைத்துத் தரம் கணிக்க பிரிட்டனில் உருவான பி.எம்.டபிள்யூ.பி. மதிப்பெண் முறையில் உயிரினக் குடும்பங்களுக்கு 1 முதல் 10 வரை மதிப்பு உண்டு. எண் குறையக் குறைய, அது அசுத்தத்தைத் தாங்கும் உயிர். பிளனேரியாவுக்கு 5, மீன் அட்டைக்கு 4, மற்ற அட்டைகளுக்கு 3, கைரோனோமிட்டுக்கு 2, வளையப்புழுக் கூட்டத்துக்கு 1. டியூபிஃபெக்ஸ் ஒன்றிரண்டு இருப்பது எதையும் காட்டாது, சுத்தமான ஆற்றிலும் இருக்கும். 0.5 மி.மீ. சல்லடையில் சலித்த சேற்றில் அது மட்டுமே திரளாக இருந்து, வேறெந்த உயிரும் காணாமல் போயிருந்தால் சாக்கடை கலக்கிறது என்று எடுத்துக்கொள்ளலாம்.

வல்லுநரிடம் காட்ட எப்படிப் பதப்படுத்துவது?

முதலில் உயிரோடு பத்து நொடி வீடியோ எடுங்கள், வரைபடத்தாள் மேல் வைத்து மேலிருந்தும் பக்கத்திலிருந்தும் படம் எடுங்கள். எந்த நீர்நிலை, சேறா செடியா கல்லா, தேதி, ஆழம் ஆகியவற்றைப் பென்சிலால் தடித்த தாளில் எழுதிப் புட்டிக்குள்ளேயே போடுங்கள். பேனா மை ஆல்கஹாலில் கரைந்துவிடும்.

வளையப்புழுவை சோடா நீரில் தளரவைத்து, கடையில் கிடைக்கும் ஃபார்மலின் ஒரு பங்குக்கு ஒன்பது பங்கு தண்ணீர் கலந்த கரைசலில் ஒரு நாள் வைத்து, பிறகு 70 சதவீத ஆல்கஹாலுக்கு மாற்றுங்கள். ஃபார்மலினைக் காற்றோட்டமான இடத்தில், கையுறையோடு மட்டும் கையாளுங்கள். டி.என்.ஏ. சோதனைக்கு என்றால் ஃபார்மலின் தொடவே கூடாது, நேராக 95 சதவீத ஆல்கஹால். அட்டையை நீரில் வைத்து ஆல்கஹாலைச் சொட்டுச் சொட்டாகச் சேர்த்து, முழுக்கத் தளர்ந்தபின் இரண்டு கண்ணாடி வில்லைகளுக்கு நடுவே தட்டையாக்கிப் பதப்படுத்த வேண்டும். அவசரப்பட்டு ஆல்கஹாலில் போட்டால் சுருண்டு கல்லாகிவிடும், கண் வரிசையை எண்ண முடியாது. பிளனேரியா எதிலும் ஒழுங்காக நிற்காது. அதற்கு உயிரோடு எடுத்த படமும் வீடியோவுமே சிறந்த சான்று. தமிழ்நாட்டில் இந்திய விலங்கியல் ஆய்வகத்தின் தென்மண்டல மையம் சென்னை சாந்தோமில் இருக்கிறது. மாதிரியை எடுத்துப் போகுமுன், அந்தக் கூட்டத்தைப் பார்ப்பவர் இருக்கிறாரா என்று கேட்டுக்கொண்டு போங்கள். வளையப்புழு நிபுணரும் அட்டை நிபுணரும் ஒருவராக இருப்பது அரிது.